மேகம் விலகட்டும்

எங்கள் பக்கத்தில் ஹெலிகாப்டர் என்றால் முன்பெல்லாம் தேர்தல் ஞாபகம்தான் வரும். தலைவர் வந்து இறங்குவார், பொட்டலில் புழுதி கிளம்பும், பிள்ளைகள் வேலிக்கு வெளியே நின்று கையாட்டும். இப்போது திருப்பரங்குன்றத்தைச் சுற்றி நாலு தெருவில் விசாரித்தால் ஹெலிகாப்டரில் ஏறி வந்த பாட்டி ஒருவராவது அகப்படுவார். காரணம் கேதார்நாத். பனிமலை பார்க்கப் போகிறோம் என்று யாரும் சொல்லிக்கொண்டு கிளம்புவதில்லை. சாமி கும்பிடத்தான் போகிறார்கள். ஆனால் திரும்பி வந்து திண்ணையில் உட்கார்ந்து கதை சொல்லும்போது பாதிக் கதை அந்தப் பத்து நிமிஷப் பறத்தலைப் பற்றியதாகவே இருக்கும்.

கேதாரம் நமக்குப் புதிய ஊரில்லை. சம்பந்தரும் சுந்தரரும் பதிகம் பாடிய தலம். சம்பந்தர் திருக்காளத்தியில் இருந்தபடியே வடநாட்டுத் தலங்களைப் பாடினார் என்று பெரியபுராணம் சொல்லும். அவருக்கு அது போதுமானதாக இருந்தது. நமக்கு நேரில் போய்ப் பார்த்தால்தான் மனசு ஆறுகிறது. கோயில் இருப்பது கடல் மட்டத்திலிருந்து 3,583 மீட்டர் உயரத்தில். கௌரிகுண்டுவரைதான் வண்டி, அதற்கு மேல் பதினாறு கிலோமீட்டர் ஏற்றம். 2013 வெள்ளத்தில் வழியிலிருந்த ராம்பாடா என்ற இடமே அடித்துக்கொண்டு போய்விட்டது. அதன்பிறகு மந்தாகினியின் மறுகரையில் புதுப்பாதை வெட்டினார்கள், ஏற்றமும் கூடிப்போனது. மூட்டுத் தேய்ந்தவர்களுக்குக் குதிரை, டோலி, இல்லையென்றால் ஹெலிகாப்டர். குப்தகாசி, ஃபாட்டா, சேர்சி என்ற மூன்று இடங்களிலிருந்து பறக்கிறது.

2023 மே மாதம் நானும் வீட்டுக்காரியும் போனோம். மகன் ரயில்வேயின் ஐ.ஆர்.சி.டி.சி. தளத்திலேயே ஹெலிகாப்டர் டிக்கெட்டும் போட்டுக் கொடுத்தான். அந்த வருஷம்தான் அந்த வசதி வந்தது. திருக்குறள் எக்ஸ்பிரஸில் மதுரையிலிருந்து டெல்லி, அங்கிருந்து ஹரித்வார், பிறகு வேனில் மலையேற்றம். தேவப்பிரயாகையில் அலக்நந்தாவும் பாகீரதியும் கலந்து கங்கை என்று பேர் வாங்கும் இடத்தில் வேனை நிறுத்தச் சொல்லி இறங்கிப் பார்த்தோம். ஒரு நதி கலங்கல், ஒரு நதி தெளிவு. கொஞ்ச தூரம் ஒட்டாமலே பக்கத்தில் பக்கத்தில் ஓடுகின்றன. வைகையில் தண்ணீர் வந்தால் அதையே ஆரத்தி எடுத்து வரவேற்கிற ஊர்க்காரிக்கு அங்கே கண்கலங்கிவிட்டது.

நான் பஸ் டிரைவராக இருந்து ஓய்வு பெற்றவன். சர்வீஸில் பெரும்பகுதி மதுரை–கொடைக்கானல் தடத்தில் கழிந்தது. அதனால் மலை ரோட்டில் வேனின் முன்சீட்டில் உட்கார்ந்தால் எனக்குத் தூக்கம் வராது. டிரைவரின் கால் பிரேக்குக்குப் போகும்போது என் காலும் போகும். அந்த கட்வாலிப் பையன் நன்றாகவே ஓட்டினான். எந்த கியரில் ஏறுவாயோ அந்த கியரில் இறங்கு என்று எனக்குச் சொல்லிக் கொடுத்த மூத்த டிரைவர் அவனைப் பார்த்திருந்தால் முதுகில் தட்டியிருப்பார்.

ஃபாட்டா தளம் மலைச்சரிவில் சமன்செய்த ஒரு சின்ன இடம். எங்கள் முறை காலையில். முதலில் எடை பார்த்தார்கள். ஆளையும் பார்த்தார்கள், பையையும் பார்த்தார்கள். ஆளுக்கு இரண்டு கிலோவுக்கு மேல் சாமான் கூடாது. உடம்பு கனமாக இருந்தால் கூடுதல் காசு. பெண்கள் பலர் எல்லார் எதிரிலும் மெஷினில் ஏறக் கூச்சப்பட்டார்கள். வீட்டில் எண்பது கிலோ ஆளை எழுபது என்று எழுதிவிட்ட பிள்ளைகளின் திருட்டுத்தனம் அங்கே வெளிப்பட்டது. இதில் வெட்கப்பட ஒன்றுமில்லை, விஷயம் இருக்கிறது. மூவாயிரத்தைந்நூறு மீட்டர் உயரத்தில் காற்றின் அடர்த்தி கடற்கரையில் இருப்பதில் எழுபது சதவீதம்தான். விசிறி அடிப்பதற்கே காற்று குறைவு, என்ஜின் மூச்சு விடுவதற்கும் குறைவு. பெருமாள்மலை தாண்டினால் ஃபுல் லோடு பஸ் முனகுவதை முப்பது வருஷம் கேட்டவனுக்கு இதைத் தனியாக விளக்க வேண்டியதில்லை. பைலட் ஒருவர், பயணிகள் ஐந்தாறு பேர். ஒருவர் எடையைக் குறைத்துச் சொன்னால் அந்தப் பத்துக் கிலோ பைலட்டின் கணக்கில்தான் இடிக்கும்.

எடை பார்த்து வரிசையில் உட்கார்ந்தோம். எங்களுக்கு முன்னால் இரண்டு நடை போய்வந்தது. பிறகு நின்றுவிட்டது. கீழேயிருந்து மேகம் ஏறி வந்து பள்ளத்தாக்கை நிரப்பியது. அந்த மே மாதம் மேலே பனி பெய்துகொண்டே இருந்த மாதம். முதலில் அரைமணி என்றார்கள், அப்புறம் ஒருமணி என்றார்கள், மத்தியானத்துக்கு மேல் “ஆஜ் நஹீ” என்றார்கள். இன்றைக்கு இல்லை.

வரிசையில் ஒரு சத்தம் எழுந்தது பாருங்கள்! நம்ம ஊர்க்காரர் ஒருவர், நல்ல மனிதர், வழியெல்லாம் வேனில் எங்களுக்கு முறுக்கும் கடலைமிட்டாயும் எடுத்துக் கொடுத்தவர், எழுந்து கவுண்டரைத் தட்ட ஆரம்பித்துவிட்டார். நாளை மறுநாள் டெல்லியில் ரயில். பெங்களூரிலிருந்து மகன் போனில் ஏற்றிவிடுகிறான்: “விடாதீங்கப்பா, காசு கட்டியிருக்கோம்ல, சண்டை போடுங்க.” அவர் தமிழிலேயே வைதார். “ரெண்டு டிரிப்பு போயிட்டு வந்தானா இல்லையா? இப்ப மட்டும் என்ன வந்துச்சு? பைலட்டுக்குப் பயம்!”

அந்த வார்த்தை எனக்குப் பொறுக்கவில்லை. அவரைக் கையைப் பிடித்து உட்கார வைத்தேன். அங்கே நடந்ததைவிட, பல வருஷத்துக்கு முந்தைய ஒரு ராத்திரிதான் எனக்குள் ஓடிக்கொண்டிருந்தது.

கொடைக்கானல் மலையில் ஐப்பசி கார்த்திகையில் மேகம் ரோட்டிலேயே படுத்துவிடும். டம்டம் பாறையில் நின்றால் எதிரே 297 மீட்டர் விழுகிற எலிவால் அருவியை உலகமே பார்க்கும். மேகம் வந்துவிட்டால் அருவி எங்கே, உங்கள் பஸ்ஸின் முன் பம்பர்கூடத் தெரியாது. அப்படி ஒரு ராத்திரி கடைசி வண்டியை இறக்கிக்கொண்டு வந்தேன். ஊத்துக்கு மேலே ஒரு வளைவில் வெள்ளைக்கோடு மறைந்தது. கண்டக்டர் இறங்கி டார்ச் அடித்து முன்னால் நடந்தார், பிறகு அவரும் தெரியவில்லை. ஒரு டீக்கடை ஓரமாக வண்டியை ஒதுக்கி என்ஜினை அணைத்துவிட்டேன்.

பஸ்ஸுக்குள் ஐம்பது பேர். விடிந்தால் வத்தலக்குண்டில் முகூர்த்தம் என்று ஒரு குடும்பம். ஒரு பையன் பின்னாலிருந்து, “ஓட்டத் தெரியாதவனையெல்லாம் காட்ரோட்டுக்குப் போட்டா இப்படித்தான்” என்றான். எனக்கு அப்போது முப்பத்திச் சொச்சம் வயது. மீசை முறுக்கின காலம். அந்தப் பேச்சைக் கேட்டுச் சாவியைத் திருகி விடத்தான் கை போனது. டிரைவரின் இடத்தில் உட்கார்ந்தவர்களுக்குத்தான் தெரியும், முதுகுக்குப் பின்னால் வருகிற பேச்சுக்கு எத்தனை குதிரைசக்தி என்று. என்ஜினைவிட அது வேகமாக இழுக்கும்.

முன்சீட்டில் ஒரு கிழவி பலாப்பழக் கூடையோடு இருந்தாள். பண்ணைக்காட்டுப் பக்கத்துக்காரி. என் தோளைத் தொட்டு, “தம்பி, நீ கீழ இறங்கி டீயக் குடி. கல்யாணம் நாளைக்கும் நடக்கும்” என்றாள். பிறகு கூடையைப் பிரித்து, விற்கக் கொண்டுபோன பழத்திலிருந்து ஆளுக்கொரு சுளையாக பஸ் முழுக்கக் கொடுத்தாள். திட்டிய பையனுக்கும் கொடுத்தாள். வாயில் சுளை இருந்தால் எவன் வைவான்? விடியற்காலம் மேகம் கலைந்ததும் கிளம்பினோம். இரண்டு வளைவு தாண்டி, பாதி ரோடு சரிந்து கிடந்தது. பகல் வெளிச்சத்தில் மலையோரமாக ஒதுங்கி மெதுவாகக் கடந்து வந்தோம். டிப்போவில் தாமதத்துக்கு விளக்கம் கேட்டார்கள், எழுதிக் கொடுத்தேன், அதோடு போயிற்று. கூடையைத் தலையில் ஏற்றிக்கொண்டு இறங்கிப் போகும்போது கிழவி, “நிறுத்தினியே, நல்லா இருப்பா” என்றாள். அத்தனை வருஷ சர்வீஸில் வண்டியை ஓட்டியதற்குப் பலர் பாராட்டியிருக்கிறார்கள். நிறுத்தியதற்குப் பாராட்டியது அவள் ஒருத்திதான்.

எனக்கு அன்று ஒதுங்க ஒரு ஓரம் இருந்தது. ஹெலிகாப்டருக்கு ஓரம் கிடையாது. மந்தாகினிப் பள்ளத்தாக்கு மேலே போகப்போக ஒடுங்கிக்கொண்டே போகிறது. இருபுறமும் மலைச்சுவர். பைலட் கண்ணால் பார்த்துத்தான் ஓட்டுகிறார். முன்னால் ஒரு மேகம் அடைத்து, திரும்புவதற்குள் பின்னாலும் ஒன்று அடைத்துவிட்டால், நின்று யோசிக்க இடமில்லை. இதெல்லாம் வெறும் பயமுறுத்தல் இல்லை. நாங்கள் போவதற்கு ஏழு மாதம் முன்புதான், 2022 அக்டோபர் 18 அன்று, கேதார்நாத்திலிருந்து இறங்கிய ஹெலிகாப்டர் கருட்சட்டி அருகே மூடுபனியில் மலையில் விழுந்து ஏழு பேரும் போய்விட்டார்கள். அதில் மூவர் சென்னைக்காரர்கள்.

பயம் என்று வைதாரே அந்த நண்பர், அவரிடம் நான் 2013-ஐச் சொன்னேன். ஜூன் 16, 17 தேதிகளில் கொட்டிய மழையில் கோயிலுக்கு மேலே இருந்த சோராபாரி ஏரியின் கரை உடைந்தது. பனிப்பாறை தன்னோடு இழுத்து வந்து ஒதுக்கிய கல்லும் மண்ணும்தான் அந்த ஏரிக்குக் கரை. உத்தரகண்ட் முழுக்க ஐயாயிரத்துக்கும் மேற்பட்டவர்கள் மாண்டார்கள். ரோடு இல்லை, பாலம் இல்லை. சிக்கிக்கிடந்தவர்களை மீட்டதில் ஹெலிகாப்டர்களுக்கும் பெரிய பங்கு உண்டு. மழையிலும் மேகத்திலும் பைலட்டுகள் போனார்கள். ஜூன் 25 அன்று விமானப்படையின் எம்.ஐ-17 ஒன்று கௌரிகுண்டு அருகே விழுந்து இருபது பேர் உயிர் விட்டார்கள். நியூசிலாந்தில் 2019 டிசம்பர் 9 அன்று வெள்ளைத் தீவு எரிமலை வெடித்தபோதும் பைலட்டுகள் அப்படித்தான் போனார்கள். சுற்றுலாப் பயணிகளும் வழிகாட்டிகளுமாக 47 பேர் தீவில் இருந்தார்கள். வேடிக்கை காட்டக் கூட்டிப்போகும் தனியார் ஹெலிகாப்டர் பைலட்டுகள் சாம்பல் அடங்கும் முன்பே போய் இறங்கி, உயிரோடு இருந்தவர்களைத் தூக்கி வந்தார்கள். இருபத்திரண்டு பேரைக் காப்பாற்ற முடியவில்லை. உயிரை மீட்க மேகத்துக்குள்ளும் சாம்பலுக்குள்ளும் போகிற கூட்டம் அது. நம் ரயில் தவறிவிடும் என்பதற்காகப் போகமாட்டேன் என்றால் அது பயமா, பொறுப்பா?

அவர் பதில் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் கழித்துப் போனை எடுத்து மகனிடம், “டிக்கெட்ட மாத்துப்பா” என்றார். என் வீட்டுக்காரிக்கு ஒரு தளத்துப் பையன் எங்கிருந்தோ பிளாஸ்டிக் நாற்காலி கொண்டுவந்து போட்டு, கேட்காமலே வெந்நீரும் கொடுத்தான். உசிலம்பட்டிப் பக்கத்துப் பெண் ஒருத்தி எலுமிச்சை சாதத்தை எல்லாருக்கும் பகிர்ந்தாள். மழை தகரத்தில் அடிக்க, முன்பின் தெரியாதவர்கள் ஒரு கல்யாண வீட்டுப் பந்தி மாதிரி உட்கார்ந்து சாப்பிட்டோம்.

சாயங்காலம் ஃபாட்டா கடைத்தெருவில் டீக்குடிக்கப் போனேன். காலையில் ஓட்டிய பைலட் அங்கே பெஞ்சில் தனியாக உட்கார்ந்திருந்தார். தலை நரைத்தவர். பலாப்பழக் கிழவி என்னைப் பிடித்துத் தள்ளியிருக்க வேண்டும். எனக்குத் தெரிந்த அரைகுறை இந்தியில், இன்றைக்கு நிறுத்தினீர்களே, நல்லது செய்தீர்கள் என்றேன். அவர் நிமிர்ந்து பார்த்தார். என்ன வேலை செய்கிறீர்கள் என்று கேட்டார். பஸ் டிரைவர் என்றேன். “பஹாட்?” மலையிலா என்றார். ஆமாம், மலையில் என்றேன். பெஞ்சில் நகர்ந்து இடம் விட்டார். டீக்கு அவர்தான் காசு கொடுத்தார். அதற்கு மேல் பேச இருவருக்கும் பாஷை இல்லை, தேவையும் இருக்கவில்லை.

மறுநாள் காலை வானம் கழுவி வைத்ததுபோல் இருந்தது. தளத்துப் பையன்கள் எங்கள் தலையை அமுக்கிக் குனிய வைத்து, முன்பக்கமாகவே கூட்டிப்போய் ஏற்றினார்கள். வால்பக்கம் யாரையும் விடுவதில்லை. முந்தைய மாதம்தான் கேதார்நாத் தளத்தில் ஓர் அரசு அதிகாரி வால் விசிறியில் அடிபட்டு இறந்திருந்தார். சுற்றும்போது அந்த விசிறி கண்ணுக்கே தெரிவதில்லை. ஏறி உட்கார்ந்ததும் பையன் கதவை இழுத்துச் சாத்தி இரண்டு தரம் தட்டினான். நம்ம ஊர்க் கண்டக்டர் தட்டுவதைப் போலவே.

கிளம்பிய பிறகு பார்த்தவற்றைச் சொல்ல வேண்டும். கீழே மந்தாகினி ஒரு வெளிர்ப்பச்சைக் கோடு. பனிப்பாறை நகரும்போது அடியிலிருக்கும் கல்லை மாவாக அரைக்கிறது. அந்த மாவு கலந்ததால் வரும் நிறம் அது. சரிவுகளில் அடுக்கடுக்கான வயல்கள், பிறகு காடு, பிறகு காடும் இல்லை. பழைய பாதை ஓரிடத்தில் சட்டென்று அறுந்து நின்றது. அங்கேதான் ராம்பாடா இருந்தது என்று கையால் காட்டினார்கள். எதிரே திடீரென்று 6,940 மீட்டர் உயர கேதார்நாத் சிகரம் முழு வெள்ளையில் எழுந்து நின்றது. வீட்டுக்காரி என் கையைப் பிடித்தாள். யாரும் பேசவில்லை, பேசினாலும் அந்தச் சத்தத்தில் கேட்டிருக்காது. எட்டு ஒன்பது நிமிஷத்தில் இறங்கிவிட்டோம்.

தரிசனம் முடித்துக் கோயிலுக்குப் பின்னால் போய் நின்றோம். 2013-ல் உருண்டு வந்து நின்று வெள்ளத்தை இரண்டாகப் பிளந்து கோயிலைக் காத்த பாறை அங்கே இருக்கிறது. அதையும் கும்பிடுகிறார்கள், கும்பிடத்தான் வேண்டும். அதற்கு மேலே பனிப்பாறை தள்ளிக்கொண்டு வந்து போட்ட மேடுகள். பனிப்பாறை என்றால் கண்ணாடி மாதிரி பளபளக்கும் என்று நினைத்துப் போகிறவர்களுக்கு ஏமாற்றம்தான். சாம்பல் நிறத்தில், குவாரிக் கழிவுபோல் கல்லும் புழுதியும் மூடிக் கிடக்கிறது. எனக்கு ஏமாற்றமில்லை. யானைமலையையும் நாகமலையையும் பார்த்து வளர்ந்த எங்களுக்கு மலை என்றால் அசையாதது. கோடானுகோடி வருஷம் அப்படியே கிடக்கிற கல். இமயமோ இன்னும் எழுந்துகொண்டிருக்கும் இளந்தாரி மலை. நகர்கிறது, சரிகிறது, ஒரே ராத்திரியில் குணம் மாறுகிறது. அந்த மலையோடு பழகியவர்கள் சொல்லும் நேரத்தில்தான் அங்கே போக வேண்டும், அவர்கள் சொல்லும் நேரத்தில் நிற்க வேண்டும்.

ஊர் திரும்பியபின் எனக்கு இந்தச் செய்திகளைத் தேடிப் படிக்கும் வழக்கம் வந்துவிட்டது. ஹவாயில் கவாய் என்றொரு எரிமலைத் தீவு. அதன் நா பாலி கரையின் செங்குத்துப் பாறைகளைக் காட்டக் கூட்டிப்போன ஹெலிகாப்டர் 2019 டிசம்பர் 26 அன்று மலையில் மோதி ஏழு பேர் இறந்தார்கள். மேகம் மறைத்தபின்னும் திரும்பாமல் தொடர்ந்து ஓட்டியதுதான் காரணம் என்று அமெரிக்காவின் போக்குவரத்துப் பாதுகாப்பு வாரியம் 2022-ல் சொன்னது. வானிலை காட்டும் கேமராக்களை அங்கே வைப்பதில் அரசு தாமதித்ததையும் சொன்னது. 2025 ஜூன் 15 விடியற்காலையில் கேதார்நாத்திலிருந்து குப்தகாசிக்கு இறங்கிய ஹெலிகாப்டர் கௌரிகுண்டு அருகே விழுந்தது. மோசமான வானிலை. ஏழு பேர், அதில் ஒன்று இரண்டு வயதுகூட நிரம்பாத குழந்தை. இரண்டு நாள் எல்லா ஹெலிகாப்டர்களையும் நிறுத்தி வைத்தார்கள். கம்பெனிகள் நடையை எண்ணிக் காசு பார்ப்பது, வானிலைக் கருவிகள் போதாதது, ஒரே பள்ளத்தாக்கில் நெரிசல் என்று பல குறைகள் உண்டு. அவற்றை அரசு கேட்டுத் திருத்தட்டும். திருத்தியே ஆக வேண்டும். ஆனால் கவுண்டரைத் தட்டுகிற கை நம்முடையது. அதை நாம்தான் மடக்க வேண்டும்.

கேதாருக்குப் பெற்றோரை அனுப்பும் பிள்ளைகளுக்கு ஒரு வார்த்தை. ஹெலிகாப்டர் நாளுக்கும் ரயில் நாளுக்கும் நடுவில் இரண்டு மூன்று நாள் சும்மா விட்டு டிக்கெட் போடுங்கள். அம்மாவின் எடையை உள்ளபடி எழுதுங்கள். மத்தியானத்தில் மேகம் ஏறும், அதனால் காலை நேரமாகக் கேளுங்கள். அப்பா போன் செய்து இன்றைக்கு இல்லை என்கிறார்கள் என்று சொன்னால், சண்டை போடச் சொல்லாதீர்கள். ரூம் இன்னொரு நாளைக்கு எடுத்துக் கொடுத்து, சாப்பிட்டீர்களா என்று கேளுங்கள்.